ஜோ ஹிசாய்ஷியின் 'எ சிம்ஃபோனிக் செலிப்ரேஷன்': ஒரு வயலின் டீச்சர் கேட்ட விதம்

என் மகள் முதன்முதலில் முழுசாகப் பாடிய பாட்டு 'சன்போ'. அப்போது அவளுக்கு மூன்று வயது. நாங்கள் இருப்பது தோக்கியோவின் நிஷி-கசாயில். காலையில் அவளை ஹொய்குவெனில், அதாவது பகல்நேரக் குழந்தைகள் காப்பகத்தில், விட்டுவிட்டு வருவேன். மாலையில் வீட்டுக்கு வந்ததும் மஞ்சள் தொப்பியைக்கூடக் கழற்றாமல் சாப்பாட்டு மேசையைச் சுற்றிச் சுற்றி நடப்பாள். கையை வீசி, காலைத் தூக்கி வைத்து, சத்தமாகப் பாடுவாள். சன்போ என்றால் உலா போவது. இங்கே வளரும் பிள்ளைகளில் அதைத் தெரியாத பிள்ளையை நான் பார்த்ததில்லை.

அது ஏதோ பழைய நர்சரிப் பாட்டு என்றுதான் பல மாதங்கள் நினைத்திருந்தேன். அப்புறம்தான் தெரிந்தது, 1988-இல் வந்த டொட்டோரோ என்ற ஜப்பானிய அனிமேஷன் படத்தின் தொடக்கப் பாட்டு என்று. எழுதியவர் ரியேகோ நகாகாவா. சிறுவர் கதைகளுக்குப் பேர்போனவர், தானே பல வருடம் ஹொய்குவென் டீச்சராக வேலை பார்த்தவர். மெட்டுப் போட்டவர் ஜோ ஹிசாய்ஷி. ஒரு ஹொய்குவென் டீச்சர் எழுதிய வரிகள் முப்பத்தைந்து வருடம் கழித்து இன்னொரு ஹொய்குவெனிலிருந்து என் வீட்டுக்கு வந்து சேர்ந்திருக்கின்றன. அந்த மெட்டைப் போட்ட ஹிசாய்ஷியை முழுதாகக் கேட்டுவிட வேண்டும் என்று அன்றைக்குத்தான் தோன்றியது.

நான் கர்நாடக வயலின் படித்தவள். இங்கே வருவதற்கு முன் திருச்சியில் பத்து வருடம் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தேன். அந்தக் காதோடுதான் இந்த விமர்சனத்தை எழுதுகிறேன்.

நான் வாங்கியது 'எ சிம்ஃபோனிக் செலிப்ரேஷன்' என்ற சிடி. 2023 ஜூன் கடைசியில் டாய்ச்ச கிராமஃபோன் வெளியிட்டது. லண்டனின் ராயல் ஃபில்ஹார்மோனிக் ஆர்க்கெஸ்ட்ரா வாசிக்க, ஹிசாய்ஷியே நடத்துகிறார். டொட்டோரோவை எடுத்த அனிமேஷன் இயக்குநர் ஹயாவோ மியாசாகியின் பத்துப் படங்களின் இசை, தொகுப்பு தொகுப்பாக. 'நவ்சிக்கா'வில் தொடங்கி 'டொட்டோரோ'வில் முடிகிறது. முப்பது வருடப் படங்களின் உழைப்பு ஒரு கைப்பிடிக்குள் அடங்குகிறது. ஆனால் இதை எப்படிக் கேட்க வேண்டும் என்று பெட்டியில் எழுதியிருக்கவில்லை. அதைத்தான் நான் சொல்ல வந்தேன். இந்தச் சிடியை மட்டும் கேட்டால் ஹிசாய்ஷி ஒரு இனிமையான மெட்டுக்காரர் என்ற எண்ணத்தோடு எழுந்துவிடுவீர்கள். கூடவே 1983-இல் அவர் செய்த ஒரு சின்ன ஆல்பத்தையும் வைத்துக் கேட்டால், அவர் உண்மையில் என்ன வேலை செய்தார் என்பது பிடிபடும்.

ஆளைப் பற்றிக் கொஞ்சம். இயற்பெயர் மமோரு ஃபுஜிசாவா. 1950 டிசம்பரில் நாகானோ மாகாணத்தில் உள்ள நகானோ என்ற ஊரில் பிறந்தவர். நான்கு வயதில் வயலின். அதுவும் சுசுகி முறையில். எழுதப் படிக்கத் தெரிவதற்கு முன்பே, தாய்மொழியைக் காதால் பிடிப்பதுபோல இசையையும் பிடிக்க வேண்டும் என்பது அந்த முறை. குருவின் பக்கத்தில் உட்கார்ந்து, நோட்டுப் புத்தகம் இல்லாமல் கேட்டுக் கேட்டே வர்ணம் படித்த எனக்கு இது படித்ததும் நெருக்கமாகிவிட்டது. அப்பா அவரை ஓயாமல் சினிமாவுக்குக் கூட்டிப் போவாராம். பிறகு தோக்கியோவில் குனிதாச்சி இசைக் கல்லூரி. ஜோ ஹிசாய்ஷி என்பது மேடைப் பெயர். அமெரிக்க இசையமைப்பாளர் குவின்சி ஜோன்ஸின் பெயரை ஜப்பானிய எழுத்துக்குள் கொண்டுவந்தது. ஹிசாய்ஷி என்று எழுதும் எழுத்துகளைக் 'குயிஷி' என்றும் வாசிக்கலாம். குயிஷி, குவின்சி. ஜோன்ஸ், ஜோ.

கல்லூரியில் அவரைப் பிடித்துக்கொண்டது மினிமல் இசை. டெரி ரைலி, ஸ்டீவ் ரைக், ஃபிலிப் கிளாஸ் ஆகிய அமெரிக்கர்களின் வழி. ஒரு சின்னச் சொற்கட்டை எடுத்துக்கொண்டு திரும்பத் திரும்ப வாசிப்பது, ஒவ்வொரு சுற்றிலும் ஒரு இழையை மட்டும் நகர்த்துவது. 1974-இல் ஆதிமனிதக் குடும்பத்தைப் பற்றிய ஒரு டிவி அனிமேஷன் தொடருக்கு இசை செய்திருக்கிறார். ஆனால் மனசெல்லாம் மேடை இசையில். 1981-இல் வந்த 'ம்க்வாஜு' ஆல்பத்தில் பெரும்பாலும் தாளக் கருவிகள், கிழக்கு ஆப்பிரிக்க மெட்டு. ம்க்வாஜு என்றால் சுவாஹிலியில் புளியமரம். இதைத் தெரிந்துகொண்ட நாள் முழுக்க எனக்குள் ஒரு சந்தோஷம் ஓடிக்கொண்டே இருந்தது. ஜப்பானின் மிகப் பெரிய அனிமேஷன் இசைக்காரரின் தொடக்கத்தில் ஒரு புளியமரம் நிற்கிறது.

இனி அந்த 1983 ஆல்பம். இங்கே இதற்கு 'இமேஜ் ஆல்பம்' என்று பேர். படம் வருவதற்கு முன்பே, சில சமயம் படம் வரையத் தொடங்கும்போதே, கதையை மட்டும் வைத்து ஒரு முழு இசை ஆல்பம் செய்து வெளியிட்டுவிடுவார்கள். நவ்சிக்கா கதை அப்போது தொகுமா ஷொத்தென் நிறுவனத்தின் 'அனிமேஜ்' பத்திரிகையில் மியாசாகி வரைந்துவந்த தொடர். அதைப் படமாக்க முடிவான பிறகு, இமேஜ் ஆல்பம் செய்ய ஹிசாய்ஷியைக் கூப்பிட்டார்கள். அவ்வளவு பெயரில்லாத ஆள். படத்துக்கு இசையமைக்க வேறு பெரிய பெயர்கள் பேச்சில் இருந்தன. ஆல்பம் வந்தது. மியாசாகியும், படத்தின் தயாரிப்பாளராக இருந்த இசாவோ தக்காஹாத்தாவும் அதைக் கேட்டார்கள். படத்தின் இசையும் இவரே என்று முடிவானது. தக்காஹாத்தா இசை நுணுக்கம் தெரிந்தவர், அவர் பிடித்த பிடிதான் முக்கியம் என்கிறார்கள். 1984 மார்ச்சில் படம் வெளியானது. மியாசாகியின் பிற்காலப் படங்களைத் தயாரித்த ஜிப்லி நிறுவனம் தொடங்கப்பட்டதே அதற்கு அடுத்த வருடம்தான். ஆக, ஸ்டூடியோவுக்கு முன்பே இசைக்காரர் வந்துவிட்டார்.

நமக்கு இது அவ்வளவு அந்நியமான விஷயம் இல்லை. தமிழ்ப் படத்தில் பாட்டு முதலில், படப்பிடிப்பு பிறகு. மெட்டு கையில் இருந்தால்தான் நடனமே அமைக்க முடியும். ஆனால் பின்னணி இசையைப் படம் வெட்டி முடித்த பிறகுதானே போடுவோம்? இங்கே பின்னணி இசையின் விதைகளே முதலில் போடப்பட்டன. மியாசாகி சில வார்த்தைகளும் சின்னக் கவிதை மாதிரியான குறிப்புகளும் எழுதிக் கொடுப்பார். காற்று, காடு, பூச்சி, விமானம். அதை வைத்து ஹிசாய்ஷி இசை செய்வார். அந்த இசையைக் கேட்டுக்கொண்டே மியாசாகி வரைவார். படம் முடிந்ததும் ஹிசாய்ஷி மறுபடி உட்கார்ந்து, அதே மெட்டுகளைக் காட்சிக்குக் காட்சி அளந்து எழுதுவார். 'மொனொனொகெ இளவரசி'யின் முகப்புப் பாட்டு இப்படி ஒரு குறிப்பிலிருந்து பிறந்ததுதான். 'லாப்யூதா'வின் இறுதிப் பாட்டும் இமேஜ் ஆல்பத்தில் வார்த்தையில்லாமல் இருந்த மெட்டு. பிறகு தக்காஹாத்தா பக்கத்தில் உட்கார, மியாசாகியின் வரிகள் அதில் பொருத்தப்பட்டன.

நவ்சிக்கா இமேஜ் ஆல்பத்தை ஜிம்போச்சோவில் பழைய புத்தகக் கடைகளுக்கு நடுவே ஒரு பழைய இசைத்தட்டுக் கடையில் 1,200 யென்னுக்கு வாங்கினேன். அட்டை ஓரம் கொஞ்சம் மங்கியிருந்தது. தட்டில் ஒரு கீறல் இல்லை. வீட்டுக்கு வந்து இரண்டையும் மாற்றி மாற்றிப் போட்டேன். ஞாயிற்றுக்கிழமை முழுக்க அதே வேலை.

1983 ஆல்பத்தில் இருப்பது சின்தசைசர், டிரம் மெஷின், கொஞ்சம் பியானோ. அந்தக் காலத்துக் கருவிகளுக்கே உரிய கண்ணாடி மாதிரியான ஒலி. காட்டைப் பற்றிய பகுதியில் ஒரு தாளக்கட்டு சுற்றிக்கொண்டே இருக்கிறது. அதன் மேல் ஒரு ஒலி மெதுவாக வந்து, விலகி, மறுபடி வருகிறது. அந்தக் காட்டில் பூஞ்சை வித்துகள் பனி மாதிரி விழுந்துகொண்டிருக்கும், கேட்கும்போதே அது கண்ணில் தெரிகிறது. மினிமல் இசை கதைக்குள் இறங்கிய இடம் இது. படத்திலோ ஓமு என்ற ராட்சதப் பூச்சிகள் வெறிகொண்டு ஓடும்போது சித்தார் போன்ற ஒரு ஒலி எழுகிறது. எதிர்பார்க்காமல் அதைக் கேட்டபோது சிலிர்த்துவிட்டது. மேற்கும் இல்லாத, ஜப்பானும் இல்லாத ஒரு உலகத்துக்கு அவர் ஒலி தேடியிருக்கிறார், தேடிக்கொண்டே நம் பக்கமும் வந்து போயிருக்கிறார்.

2023 சிடியில் அதே நவ்சிக்கா ஒரு பெரிய ஆர்க்கெஸ்ட்ராவுக்கு விரிந்திருக்கிறது. தொடக்கமே முரசு அதிர்வோடு வருகிறது. தந்தி வாத்தியங்கள் அலையாக எழுகின்றன, பிராஸ் கருவிகள் மலை மாதிரி நிற்கின்றன, கோரஸ் வருகிறது. அழகாக இருக்கிறது. நான் மறுக்கவே மாட்டேன். ஆனால் சின்தசைசரில் அந்தக் காட்டுக்கு இருந்த விசித்திரம், மனிதர் மூச்சுவிட முடியாத இடம் என்ற உணர்வு, ஆர்க்கெஸ்ட்ராவில் கொஞ்சம் குறைந்துபோகிறது. ஆர்க்கெஸ்ட்ரா என்பது எண்பது மனிதர்களின் மூச்சு. அதில் காடு பயமில்லாத இடமாகிவிடுகிறது. இதுதான் இந்தச் சிடியைப் பற்றி என்னுடைய பெரிய குறை. முதல் பத்து நிமிடத்திலேயே அது வந்துவிடுகிறது. அதற்குப் பிறகு குறை சொல்ல எனக்கு அதிகம் இல்லை.

இடையில் ஒரு சின்ன விஷயம். ஜப்பானியப் பள்ளிக்கூடப் பாட்டுகளில் 'யோனா-நுகி' என்று ஒரு ஸ்வர வரிசை உண்டு. நான்காவதையும் ஏழாவதையும் எடுத்துவிட்டது என்று பொருள். ம-வும் நி-யும் போனால் மிஞ்சுவது ச ரி க ப த. அதாவது நம் மோகனம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் மெய்ஜி காலத்திலிருந்து இங்கே பிள்ளைகள் தலைமுறை தலைமுறையாக மோகனத்தில்தான் பாடக் கற்றுக்கொள்கிறார்கள். இதனால்தான் ஹிசாய்ஷியின் மெட்டுகள் பலவும் முதல் தடவை கேட்கும்போதே நமக்குத் தெரிந்த ஆள் மாதிரி இருக்கின்றன. 'பொன்யோ' பாட்டின் முதல் மூன்று ஸ்வரங்களை வாசித்துப் பாருங்கள். ப, க, ச. இறங்குமுகமாக மூன்று படி. அதில் ஒரு ஐந்து வயதுப் பெண்ணின் முழுக் குதூகலமும் இருக்கிறது. நான் வயலினில் அதை முதலில் கமகத்தோடு, அதாவது ஸ்வரத்தை அசைத்து, வாசித்தேன், மகள் உடனே "அது இல்லை" என்று சொல்லிவிட்டாள். சரி என்று ஸ்வரத்தை நேராக நிறுத்தி வாசித்தேன். பாட்டு திரும்பி வந்தது. கமகம் இல்லாத ஸ்வரம் மொட்டையாக இருக்கும் என்றுதான் எனக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். இவர் மெட்டில் ஸ்வரம் அசையாமல் நிற்கிறது, அதற்குக் கீழே கார்டு (chord), அதாவது சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரங்களின் கூட்டு, அசைகிறது. அசைவு இருக்கும் இடம் வேறு, அவ்வளவுதான். இந்த ஒரு விஷயத்தைப் புரிந்துகொண்டதற்காகவே சிடியின் விலை எனக்குத் தகும்.

சிடியின் உச்சம் 'ஹவ்லின் நகரும் கோட்டை'. 2004-இல் வந்த படம். அதன் வால்ட்ஸ், அதாவது மூன்று எண்ணிக்கை நடன இசை, இங்கே எல்லோருக்கும் தெரியும், பியானோ வகுப்புகளின் ஜன்னலைத் தாண்டிப் போனால் வாரத்துக்கு ஒருமுறையாவது காதில் விழும். அந்தப் படத்துக்கு மியாசாகி கேட்டது ஒரே ஒரு விஷயம். படம் முழுக்க ஒரே மெட்டு வேண்டும். ஏனென்றால் கதாநாயகி சோஃபி 18 வயதிலிருந்து 90 வயதுவரை மாறிக்கொண்டே இருக்கிறாள். முகம் மாறும், குரல் மாறும், முதுகு கூனும். ஆனால் இவள் அதே சோஃபிதான் என்று பார்ப்பவருக்கு நினைவூட்ட ஏதாவது ஒன்று மாறாமல் இருக்க வேண்டும். அந்த ஒன்று இசை.

இதை நினைத்துக்கொண்டு சிடியில் அந்தப் பகுதியைக் கேளுங்கள். மெட்டு முதலில் பியானோவில் தயங்கி வருகிறது. கீரவாணியின் சாயல் என் காதுக்கு. மூன்று எண்ணிக்கை, நம் திஸ்ர நடை. முதல் தட்டு கனமாக விழ, அடுத்த இரண்டும் பாவாடை சுழல்வது மாதிரி லேசாகப் போகின்றன. பிறகு தந்தி வாத்தியங்கள் எடுத்துக்கொள்கின்றன. வேகம் கூடுகிறது, திருவிழா ஆகிறது, படைகளின் அணிவகுப்பு ஆகிறது. நடுவில் ஒரு டிரம்பெட் தனியாக, இருட்டுக் குகைக்குள்ளிருந்து கூப்பிடுவதுபோல வாசிக்கிறது. அந்த இடத்தில் நான் இஸ்திரிப் பெட்டியை அணைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டேன். ஒரு ராகத்தை எடுத்து அரை மணி நேரம் ஆலாபனை செய்கிறோம். ராகம் அதேதான், ஆனால் கேட்பவர் வேறொரு இடத்துக்கு வந்து சேர்ந்திருப்பார். இங்கே நடப்பதும் அதற்கு ரொம்ப தூரத்தில் இல்லை. கல்லூரியில் ஒரு சொற்கட்டைத் திரும்பத் திரும்ப வாசிக்கக் கற்றுக்கொண்ட மாணவர், ஐம்பது வயதைத் தாண்டி ஒரு மெட்டைத் திரும்பத் திரும்பச் சொல்லியே ஒரு பெண்ணின் ஆயுள் முழுவதையும் காட்டுகிறார். ராயல் ஃபில்ஹார்மோனிக் இங்கே வாசித்திருப்பதைப்போல இந்தச் சிடியில் வேறெங்கும் வாசிக்கவில்லை.

'ஸ்பிரிட்டட் அவே' பகுதியில் வருவது அந்தக் கோடைநாள் மெட்டு. அந்தப் பியானோ தொடக்கம் எங்கே போய் முடியும் என்று சொல்லாத ஒரு கார்டு. வீடு மாற்றிப் போகும் காரின் பின்சீட்டில் வாடிய பூங்கொத்தோடு படுத்திருக்கும் சிறுமி, அவளுக்கு வேண்டிய அத்தனை சோகமும் அந்த ஒரு கார்டில். இந்தச் சிடியில் அதற்குக் குரலும் உண்டு. பாடியிருப்பவர் மாய் ஃபுஜிசாவா, ஹிசாய்ஷியின் மகள். நவ்சிக்கா படத்தில் சிறுமி நவ்சிக்காவின் நினைவாக வரும் அந்த வார்த்தையில்லாத தாலாட்டைப் பாடியது இதே மாய்தான். அப்போது அவருக்கு நான்கு வயது. இப்போது நாற்பதைத் தாண்டிவிட்டார். என் பக்கத்தில் நான்கு வயது நெருங்கும் ஒருத்தி உட்கார்ந்து பென்சிலைக் கடித்துக்கொண்டிருக்கும்போது இதைக் கேட்டேன். அந்தப் பாட்டைப் பற்றி நடுநிலையாக என்னால் எழுத முடியாது.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 'கிக்கி' பகுதி கடற்கரை ஊரின் காலைவெயில், தந்திகளை விரலால் சுண்டி வாசிக்கும் இடங்கள் துள்ளுகின்றன. 'காற்று எழுகிறது' பகுதியில் மாண்டலின் வருகிறது, விமானம் கட்டியவனின் கனவுக்கு அது எவ்வளவு பொருந்துகிறது! 'போர்க்கோ ரோஸ்ஸோ' ரொம்பக் குறைவு, இன்னும் கொஞ்சம் தந்திருக்கலாம். 'மொனொனொகெ' பிரம்மாண்டம். ஆனால் 1997 படத்தில் அந்தப் பாட்டைப் பாடியவர் யோஷிகாசு மேரா என்ற ஆண் பாடகர், கவுண்டர்டெனர். ஆண் குரல் பெண் ஸ்தாயியில் பாடும். மனிதரா, காட்டுத் தெய்வமா என்று தெரியாத குரல் அது. இங்கே ஒரு சொப்ரானோ சுத்தமாகப் பாடியிருக்கிறார். சுத்தமாக இருப்பதுதான் எனக்கு ஒட்டவில்லை. அந்தப் பாட்டுக்கு மட்டும் நான் பழைய பதிவுக்கே போவேன்.

'லாப்யூதா' பற்றி ஒன்று சொல்லியே ஆக வேண்டும். 1986-இல் ஜப்பானில் வந்த படத்தில் இசையில்லாத இடங்கள் நிறைய. வெறும் காற்று, எந்திரச் சத்தம், மூச்சு. 1990-களின் இறுதியில் அமெரிக்காவுக்கான ஆங்கிலப் பதிப்பு தயாரானபோது, அங்கே ரசிகர்களுக்கு அவ்வளவு மௌனம் பழக்கமில்லை என்று, ஹிசாய்ஷியே உட்கார்ந்து அந்த இடங்களுக்கும் சேர்த்துப் புதிதாக எழுதினார். எங்கள் வார்டு நூலகத்தில் சிடி இரவல் தருவார்கள், அங்கே இரண்டு பதிப்பும் கிடைத்தன. இரண்டையும் கேட்டால் ஒரு இசையமைப்பாளருக்கு எங்கே வாசிக்கக் கூடாது என்று தெரிவது எவ்வளவு பெரிய விஷயம் என்று புரிகிறது. புதிய பதிப்பில் அவர் கைத்திறன் முதிர்ந்திருக்கிறது. முப்பத்தைந்து வயதில் அவர் சும்மா விட்ட இடங்களைத்தான் நான் விரும்புகிறேன்.

இந்தச் சிடியை 2008 ஆகஸ்டில் தோக்கியோவின் புதோக்கான் அரங்கில் ஹிசாய்ஷி நடத்திய கச்சேரிப் பதிவோடு ஒப்பிட்டுக் கேட்பவர்கள் உண்டு. ஆர்க்கெஸ்ட்ராவில் 200 பேர், கோரஸில் 800 பேர். அது திருவிழா. கடைசியில் எல்லோருமாக டொட்டோரோ பாடும்போது வீட்டில் நாங்களும் எழுந்து நின்றுவிட்டோம். பிள்ளைகளோடு உட்கார்ந்து பார்க்க அந்த வீடியோதான். இந்தச் சிடி தனியாக, இரவு பாத்திரம் கழுவி வைத்த பிறகு, நல்ல ஸ்பீக்கரில் கேட்பதற்கு. ஃபோன் ஸ்பீக்கரில் வேண்டாம், மெல்லிய இடங்கள் எதுவும் கேட்காது. மகளைத் தூங்க வைத்துவிட்டு ஹெட்ஃபோனில் கேட்டபோதுதான் பல இடங்களில் ஹார்ப் இருப்பதே எனக்குத் தெரிந்தது.

இதில் இல்லாதவையும் உண்டு. மியாசாகி இயக்கிய முழுநீளப் படங்கள் பன்னிரண்டு. முதல் படம் ஒன்றைத் தவிர மீதிப் பதினொன்றுக்கும் இவர்தான். அந்தப் பதினொன்றாவது, சிறுவனும் நாரையும் வரும் படம், இந்தச் சிடி வந்து இரண்டு வாரம் கழித்துத்தான் ஜப்பான் தியேட்டருக்கு வந்தது. அதனால் இதில் இல்லை. அந்த இசையைத் தனியாக வாங்குங்கள். எழுபது வயதைத் தாண்டியவர் மறுபடி தன் கல்லூரி நாட்களுக்கே போயிருக்கிறார். பியானோவில் சில ஸ்வரங்கள், நிறைய மௌனம், திரும்பத் திரும்ப வரும் ஒரு சின்னச் சொற்கட்டு. புளியமரம் அங்கேயே நிற்கிறது. 2013-இல் தக்காஹாத்தாவுக்காகச் செய்த 'காகுயா இளவரசி'யும் இங்கே கிடையாது. நவ்சிக்கா காலத்தில் இவரை அடையாளம் கண்ட அதே தக்காஹாத்தா, தான் இயக்கும் படத்துக்கு இவரைக் கூப்பிட அவ்வளவு வருடம் ஆகியிருக்கிறது. அனிமேஷனைத் தாண்டி இயக்குநர் தக்கேஷி கித்தானோவின் படங்களுக்கு இவர் செய்தவை தனி உலகம். 'கிக்குஜிரோ'வின் கோடை மெட்டை மட்டுமாவது கேளுங்கள். எங்கள் ஊரில் கன்வீனியன்ஸ் ஸ்டோரில் விற்கும் இயெமோன் பச்சைத்தேநீரின் விளம்பர இசைகூட இவருடையதுதான். நான்கு வருடமாகத் தெரியாமலேயே அதை முணுமுணுத்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

வாங்குவது பற்றிக் கேட்டால் என் சிபாரிசு இது. முதலில் நெட்ஃபிளிக்ஸில் இரண்டு படமாவது பாருங்கள், இந்தியாவில் 2020-இலிருந்து ஜிப்லி படங்கள் அங்கே இருக்கின்றன. ஒன்று டொட்டோரோ, இன்னொன்று ஹவ்ல். பிறகு இந்தச் சிடி. ஸ்ட்ரீமிங்கிலும் இதே பதிவு கிடைக்கிறது, காசு குறைவாக இருந்தால் அதுவே போதும். எல்பி தட்டு அழகாக இருக்கிறது, ஆனால் ஹவ்ல் மாதிரி நீளமான பகுதியை இடையில் எழுந்து புரட்டிப் போடும் கவலை இல்லாமல் கேட்க எனக்குச் சிடிதான் வசதி. மூன்றாவதாக, எப்படியாவது தேடி, நவ்சிக்கா இமேஜ் ஆல்பம். இசை படிக்கும் பிள்ளைகள் வீட்டில் இருந்தால் இந்த மூன்றாவதைத் தவறவிடாதீர்கள்.

வயலின் படிக்கும் பிள்ளைகளுக்கு இன்னொன்று. 'டொட்டோரோ' பகுதியில் 'காற்றின் பாதை' என்று ஒரு மெட்டு வருகிறது, சன்போவுக்கு முன்னால். படத்தில் அந்தப் பெரிய கற்பூர மரம் தெரியும்போதெல்லாம் வரும். அதைக் காதால் கேட்டு எடுத்துப் பாருங்கள், நோட்டேஷன் தேடாதீர்கள். எனக்கு மூன்று நாள் ஆனது. மூன்றாம் நாள் மாலை வாசித்துக்கொண்டிருக்கும்போது மகள் உள்ளே வந்தாள், தொப்பியோடு. கொஞ்ச நேரம் நின்று கேட்டாள். "அம்மா, அது முடிஞ்சதும் என் பாட்டு" என்று சொல்லிவிட்டு மேசைக்குப் பக்கத்தில் போய்த் தயாராக நின்றுகொண்டாள்.